அப்பா யாழ்ப்பாணத்தில் எடுத்த 31 போட்டோக்கள்: வெளியே காட்டலாமா?

வேலூர்க்காரி எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அப்பா ராணுவத்தில் டிரைவராக இருந்தவர். ஆர்மி சர்வீஸ் கோர், அதாவது பட்டாளத்துக்குச் சரக்கும் வண்டியும் பார்க்கிற பிரிவு. இது வட ஆற்காடு மாவட்டமாக இருந்த காலத்தில் எங்கள் ஊரில் வீட்டுக்கு ஒருவர் பட்டாளத்தில் இருப்பார். அப்பாவும் அப்படிப் போனவர்தான். 1988 தொடக்கத்திலிருந்து 1989 கடைசி வரை, இலங்கைக்கு அனுப்பிய இந்திய அமைதிப்படையில், யாழ்ப்பாணத்துப் பலாலியில் சக்திமான் லாரி ஓட்டினார். எனக்கு அப்போது ஏழு வயது. லீவில் வரும்போது அவர் தூக்கிக்கொண்டு வந்த ஜப்பான் டேப்ரிக்கார்டர்தான் எனக்குத் தெரிந்த இலங்கை.

போன மாதம் வெள்ளையடிப்பதற்காகப் பரணைக் காலி செய்தோம். பச்சை டிரங்குப் பெட்டியில், டிஸ்சார்ஜ் புத்தகத்துக்கு அடியில், ஒரு ஸ்டுடியோ கவர் இருந்தது. உள்ளே 31 கலர் பிரிண்ட். கூடவே ஒரே ஒரு ரோலுக்கு மட்டும் நெகட்டிவ். கேமரா அப்பாவுடையது இல்லையாம். கூட இருந்த கேரளத்துக்காரர் ஒருவருடைய யாஷிகா எம்எஃப்-2. ரோல் வாங்குகிற செலவு அப்பாவுடையது. அந்த ஒப்பந்தத்தில் எடுத்த படங்கள்.

பெரும்பாலும் எல்லா வீட்டிலும் இருக்கிற பட்டாளத்துப் படங்கள்தான். லாரி பானெட் மேல் நாலு பேர். லுங்கியோடு துணி துவைக்கிறவர். ஒரு நாய்க்குட்டி, மூன்று படங்களில் வருகிறது. பனை மரங்கள். சாலையோரம் ஒரு பழைய கார். கேட் ஓரமாக ஒரு பாட்டி, பக்கத்தில் இரண்டு குழந்தைகள். பையன் கேமராவைப் பார்க்கிறான், பாட்டி பார்க்கவில்லை.

அப்புறம் ஒரு படம் இருக்கிறது. அதனால்தான் இங்கே எழுதுகிறேன். ஒரு வீட்டு வாசல்படியில் அப்பா உட்கார்ந்து மாம்பழம் தின்கிறார். சாறு முழங்கை வரை வழிந்திருக்கிறது. நல்ல சிரிப்பு. எனக்கு நினைவு தெரிந்து அப்பா அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை, அதனால் எடுத்த எடுப்பிலேயே அந்தப் படத்தை ஃபிரேம் போட நினைத்தேன். அக்கா மகன் அதை ஸ்கேன் செய்து பெரிதாக்கிக் காட்டினான். அப்பாவுக்குப் பின்னால் நிலை இருக்கிறது, கதவு இல்லை. உள்ளே தரையில் வெள்ளையாக ஏதோ சிதறிக் கிடக்கிறது. இன்னும் பெரிதாக்கினால் பள்ளிக்கூட நோட்டுகள். ஒன்று விரிந்து கிடக்கிறது, கோடு போட்ட பக்கம்.

இன்னொன்று. நெகட்டிவ் கீற்றில் 17 இருக்கிறது, 19 இருக்கிறது. 18 இல்லை. வெட்டி எடுத்திருக்கிறார்கள். அந்தப் பிரிண்டும் கவரில் இல்லை.

அப்பாவுக்கு இப்போது 73. நினைவு நன்றாகவே இருக்கிறது. ஆனால் இலங்கை என்று ஆரம்பித்தால் லாரியைப் பற்றி மட்டும் பேசுவார். சக்திமானில் கியர் எப்படி விழும், கண்ணிவெடிக்குப் பயந்து காலடியில் மணல் மூட்டை எப்படி அடுக்குவார்கள், இப்படியே போகும். மற்றதற்கு "ம்".

சென்னையில் தெரிந்த ஒருவர் சின்னதாக ஒரு புகைப்படக் கண்காட்சி வைக்கிறார். சாதாரண ஆட்கள் எடுத்த போர்க்காலப் படங்கள். இதிலிருந்து பத்துப் படம் கேட்கிறார். அப்பா "உன் இஷ்டம்" என்கிறார். என் இஷ்டம் என்னவென்று எனக்கே தெரியவில்லை. அந்தப் பாட்டியைக் கேட்காமல் அவர் படத்தைச் சுவரில் மாட்டலாமா? மாம்பழப் படத்துக்குக் கீழே என்ன எழுதுவது? படங்கள் எல்லாம் வேறு சிவந்துபோய் இருக்கின்றன, அதற்கு ஏதாவது செய்ய முடியுமா என்றும் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

இருட்டறை எழுதியது:

கடைசிக் கேள்விக்கு மட்டும் பதில் சொல்கிறேன், மற்றது எனக்கு மேலான விஷயம். எங்கள் அப்பா திண்டுக்கல் பக்கம் ஸ்டுடியோ வைத்திருந்தவர். நான் ஹைப்போ (படம் கழுவுகிற ரசாயனம்) வாசனையில் வளர்ந்த ஆள்.

அந்தக் காலத்துக் கலர் பிரிண்ட் பெட்டிக்குள் இருட்டில் கிடந்தாலும் மங்கும். நீலப்பச்சைச் சாயம் முதலில் போய்விடும், மிச்சம் இருப்பது சிவப்பும் மஞ்சளும். அதனால் பிரிண்டில் இருக்கிற நிறத்தை நம்பாதீர்கள். வானம், சட்டை, மண் எதையும்தான். நெகட்டிவிலும் சாயம் கொஞ்சம் மங்கியிருக்கும், ஆனால் பிரிண்ட் அளவுக்குப் பொய் சொல்லாது. நெகட்டிவ் உள்ள படங்களை அதிலிருந்தே ஸ்கேன் செய்யுங்கள், 2400 டிபிஐக்குக் குறையாமல். பிரிண்டுக்கு 600 போதும். பின்பக்கத்தையும் சேர்த்து ஸ்கேன் செய்யுங்கள், ஸ்டுடியோ முத்திரை, பேனாக் கிறுக்கல் எல்லாம் பின்னால் உதவும். துணி போட்டுத் துடைக்காதீர்கள், ஊதுகிற பிரஷ் போதும். நெகட்டிவில் வினிகர் வாசனை வந்தால் மற்றவற்றிலிருந்து பிரித்து வையுங்கள், அது பரவும்.

முக்கியமாக ஒன்று. போனில் முகத்தைத் தெளிவாக்கித் தருகிற ஆப்புகள் பக்கம் போகவே போகாதீர்கள். மங்கின முகத்துக்கு அதுவாகவே ஒரு கண், ஒரு மூக்கு வைத்துத் தந்துவிடும். பார்க்க அழகாகத்தான் இருக்கும். ஆனால் அது அந்தப் பாட்டி இல்லை.

18ஐப் பற்றி ஒரு வார்த்தை. ஸ்டுடியோவில் நாலு நாலாகவோ ஆறு ஆறாகவோதான் வெட்டுவோம், ஒற்றை ஃபிரேமை வெட்டித் தர மாட்டோம். இரண்டு பக்கத்து வெட்டையும் வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். இரண்டு ஃபிரேம்களுக்கு இடையில் இருக்கிற மெல்லிய கோட்டிலேயே நேராகப் போயிருந்தால், வெட்டியவர் பொறுமையாக உட்கார்ந்து வெட்டியிருக்கிறார் என்று அர்த்தம்.

வடலி எழுதியது:

தங்கச்சி, நான் மயிலிட்டி. இப்போது கனடாவில், ரொறன்ரோ. பலாலி விமானத்தளத்துக்குப் பக்கத்து ஊர் என்று உங்கள் அப்பாவுக்குத் தெரிந்திருக்கும். அவருடைய லாரி எங்கள் ஒழுங்கையாலும் போயிருக்கலாம்.

மாம்பழப் படத்தைப் பற்றி வாசித்ததும் போனை வைத்துவிட்டு எழும்பிப் போய்விட்டேன். பிறகு வந்துதான் மிச்சத்தை வாசித்தேன். உங்கள் மேல் கோபம் இல்லை. உங்கள் அப்பாவின் மேல் இருக்கிறதா என்று கேட்டால், இருக்கிறது, இல்லை, இரண்டும்தான். அது யாரோ ஒருவருடைய முற்றத்து மாம்பழம். பழம் உருண்டையாக இருக்கிறதா என்று பாருங்கள். எங்கள் ஊரில் அந்த மாவைத்தான் வீட்டு வாசலோடு வைப்பார்கள்.

நாங்கள் 1990 ஆனி மாதம் வெளிக்கிட்டோம். எனக்குப் பதினைந்து வயது. இரண்டு மூன்று நாளில் திரும்பலாம் என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள். அம்மா அலுமாரியைப் பூட்டித் திறப்பை இடுப்பில் செருகினா. அல்பம் இரண்டும் அதற்குள். பிறகு அந்த இடம் முழுக்க உயர் பாதுகாப்பு வலயம், ஆமி மட்டும் இருக்கிற இடம். மயிலிட்டித் துறைமுகப் பக்கத்தை 2017 ஆடியில்தான் விட்டார்கள். அண்ணா போய்ப் பார்த்தார். அத்திவாரம் கிடந்தது, கிணறு கிடந்தது, கிணற்றுக்குள் எங்கள் வீட்டுச் சுவர் கிடந்தது. அம்மா அதற்கு ஆறு வருடம் முந்தியே போய்விட்டா. திறப்பு என்னிடம் இருக்கிறது.

எங்கள் பழைய படங்கள் என்று இப்போது கையில் இருப்பது மூன்று. லண்டனில் இருக்கிற மாமியிடம் வாங்கிப் பிரதி எடுத்தது. மூன்றும் கலியாணப் படங்கள், ஸ்டுடியோக்காரர் திரைச்சீலை கட்டி எடுத்தவை. வீடு ஒன்றிலும் இல்லை. இருக்கிற வீட்டை யார் படம் எடுக்கிறது?

அதனால் உங்கள் அப்பாவின் படங்களில் என் கண் அப்பாவிடம் நிற்காது, பின்னுக்குத்தான் போகும். வேலி கிடுகா (தென்னோலைப் பின்னல்), பனையோலையா? படலை, நீங்கள் கேட் என்கிறது, என்ன நிறம்? கிணற்றில் துலா (ஏற்றம்) இருக்கிறதா? மண் என்ன நிறம்? எங்கள் வளவு கடற்கரையோடு ஒட்டினது, மணலும் சுண்ணாம்புக் கல்லும். உள்ளுக்குப் போகப் போகத்தான் செம்மண். அந்தப் பழைய கார் அநேகமாக ஏ-40 சோமசெட் என்கிற ஆஸ்டின் காராக இருக்கும். கலியாணம், பிள்ளைப்பேறு, செத்தவீடு எல்லாவற்றுக்கும் ஊரில் அதுதான் ஓடினது. இலக்கத் தகட்டில் இருக்கிற எழுத்தையும் எண்ணையும் குறித்து வையுங்கள், சொந்தக்காரரைக் கண்டுபிடிக்கிற ஆட்கள் இருக்கிறார்கள்.

ஆனால் பாட்டியும் பிள்ளைகளும் இருக்கிற படத்தைச் சுவரில் போடாதீர்கள். இந்தியன் ஆமியோடு கதைத்தது, தண்ணீர் கொடுத்தது எல்லாம் பிற்பாடு ஆட்களுக்குக் குற்றமாக வந்திருக்கிறது. ஆமிக்காரன் கேட்டால் இல்லை என்று சொல்லவும் ஏலாது, ஓம் என்று சொன்னால் நாளைக்கு வேறொருவன் கேட்பான். அந்தப் பையனுக்கு இப்போது நாற்பதைத் தாண்டியிருக்கும். அவன் எங்கே இருந்தாலும், தன் முகத்தைச் சென்னையில் ஒரு சுவரில் காண வேண்டும் என்று கேட்கவில்லை. பாட்டி கேமராவைப் பார்க்கவில்லை என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள்.

ஏட்டுக்கட்டு எழுதியது:

நூலகத்தில் வேலை பார்க்கிறவன். வடலி அக்கா சொன்னதற்குப் பிறகு புத்தகத் தகவலோடு வருவது ஒரு மாதிரியாக இருக்கிறது, ஆனாலும் படத்துக்குக் கீழே என்ன எழுதுவது என்ற கேள்விக்கு இது உதவலாம். அமைதிப்படையையும் நாஜிப் படையையும் ஒப்பிடுகிறேன் என்று யாரும் சண்டைக்கு வராதீர்கள். படங்களைக் கையாண்ட விதத்தை மட்டும் சொல்கிறேன்.

1995இல் ஹாம்பர்க் நகரில் ஒரு ஆய்வு நிறுவனம் கண்காட்சி ஒன்று வைத்தது. இரண்டாம் உலகப் போரில் ஜெர்மன் ராணுவம் கிழக்கே செய்த குற்றங்கள் பற்றியது. சாதாரணச் சிப்பாய்கள் தங்கள் கேமராவில் எடுத்த படங்கள் அதில் நிறைய. பிடிபட்டவர்கள், செத்தவர்கள் பர்ஸில் வைத்திருந்தவைகூட உண்டு. ஊர் ஊராகப் போனது, லட்சக்கணக்கானவர்கள் பார்த்தார்கள், எதிர்ப்பு ஊர்வலங்களும் நடந்தன. 1999இல் திடீரென்று நிறுத்த வேண்டியதாயிற்று. சில படங்களில் செத்துக் கிடந்தவர்களைக் கொன்றது ஜெர்மன் ராணுவம் இல்லை, சோவியத் ரகசியப் போலீஸ் என்று வரலாற்றாய்வாளர்கள் காட்டினார்கள். பிறகு ஒரு நிபுணர் குழு உட்கார்ந்து பார்த்தது. 1400க்கும் மேற்பட்ட படங்களில் அப்படித் தவறானவை இருபதுக்கும் குறைவு. மையமான வாதம் சரி என்றே குழு சொன்னது. ஆனால் அந்த இருபது போதுமானதாக இருந்தது, மொத்தத்தையும் பொய் என்று சொல்ல விரும்பியவர்களுக்கு. 2001இல் திருத்தித் திரும்ப வைத்தபோது படங்களின் எண்ணிக்கையே வெகுவாகக் குறைந்துவிட்டது.

ஆகவே மாம்பழப் படத்துக்குக் கீழே 'கைவிடப்பட்ட வீடு' என்றோ 'சூறையாடப்பட்ட வீடு' என்றோ எழுதாதீர்கள். கதவை யார் எடுத்தார்கள் என்று படம் சொல்லவில்லை. தெரிந்ததை எழுதுங்கள்: வருடம், யாருடைய கேமரா, படியில் உட்கார்ந்திருப்பவர் யார், உள்ளே நோட்டுகள் கிடக்கின்றன.

இன்னொரு சம்பவம். 1945இல் விடுதலையான லிலி ஜேக்கப் என்ற யூதப் பெண், ஜெர்மனியில் டோரா வதைமுகாமில் ஹிட்லரின் எஸ்எஸ் படைக்காரர்கள் விட்டுப்போன கட்டிடத்தில் ஒரு அல்பத்தைக் கண்டார். திறந்தால் அவருடைய ஊர்க்காரர்கள், அவருடைய தம்பிகள், ஒரு படத்தில் அவரே. ஆஷ்விட்ஸ் வதைமுகாமில் வந்து இறங்கிய அன்று எஸ்எஸ்காரர்கள் எடுத்தவை. பிற்பாடு உறவினர் முகத்தை அடையாளம் கண்டு வந்தவர்களுக்கு அந்தந்தப் படத்தை அவர் கொடுத்துவிட்டார் என்கிறார்கள். மிச்சத்தை 1980இல் ஜெருசலேமின் யாத் வஷேம் நினைவகத்தில் ஒப்படைத்தார். இந்தியச் சட்டப்படி படத்தின் உரிமை பொதுவாக எடுத்தவருக்குத்தான். எனக்கு என்னவோ அந்தப் பெண் செய்ததுதான் சட்டத்தைவிடச் சரியாகப் படுகிறது.

கண்காட்சிக்குக் கொடுப்பதாக இருந்தால் 18ஆம் இடத்தில் வெற்று ஃபிரேம் ஒன்றை மாட்டலாம் என்று ஒரு யோசனை.

பழைய டிரைவர் எழுதியது:

வெற்று ஃபிரேம் மாட்டுகிறாராம். அய்யா, அந்த மனுஷர் உயிரோடு வீட்டில் உட்கார்ந்திருக்கிறார். காட்சிக்கு வருகிறவன் ஒவ்வொருத்தனும் "அங்கே என்ன இருந்தது?" என்று மனதுக்குள் ஒன்றை எடுத்து அந்த ஃபிரேமில் ஒட்டிவிட்டுப் போவான். அது அவருக்குத் தேவையா?

நானும் அங்கே இருந்தவன்தான், வேறு யூனிட். நாங்கள் 1990 மார்ச்சில் கடைசியாகக் கிளம்பி வந்தபோது தமிழ்நாட்டில் எங்களுக்கு என்ன வரவேற்பு கிடைத்தது என்பது பழைய பேப்பரைப் புரட்டினால் தெரியும். அங்கே செத்தவர்கள் 1,100 பேருக்கு மேல். பலாலியில் ஒரு நினைவுத்தூண் இருக்கிறது, கொழும்புப் பக்கம் ஒன்று இருக்கிறது. இங்கே எங்கள் தெருவில் கேட்டால் அப்படி ஒரு சண்டை நடந்ததே பாதிப் பேருக்குத் தெரியாது. யாழ்ப்பாணத்து அம்மா சொல்வதையும் மறுக்கவில்லை. 1987 அக்டோபரில் அந்த ஜனங்கள் பட்டதை நானும் கொஞ்சம் பார்த்திருக்கிறேன்.

மகளே, ஒன்று சொல்கிறேன். அப்பா லாரியைப் பற்றிப் பேசினால் லாரியைப் பற்றியே கேள். இந்தப் படத்தில் வண்டி எங்கே நின்றது, என்ன ரிப்பேர், கூட யார் இருந்தது என்று கேள். நாங்கள் எல்லாவற்றையும் வண்டிக்குள் உட்கார்ந்துதான் பார்த்தோம். வேறு எப்படிச் சொல்வார்? பானெட் மேல் இருக்கிற நாலு பேரின் பெயரை இன்றைக்கே கேட்டுப் பின்னால் பென்சிலால் எழுதிவிடு. யார் திரும்பி வரவில்லை என்பதையும் சேர்த்து.

வேலூர்க்காரி எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. இரண்டு வாரம் ஆகிவிட்டது, மன்னியுங்கள்.

பழைய டிரைவர் அய்யா சொன்னபடியே செய்தேன். மாம்பழப் படத்தைக் காட்டி, "அப்பா, வண்டி எங்கே நிக்குது?" என்றேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ரொம்ப நேரம் பார்த்தார். அப்புறம் நிறுத்தாமல் அரை மணி நேரம் பேசினார். ரேடியேட்டர் கொதித்துவிட்டது, கான்வாயிலிருந்து பிரிந்து நிற்கக்கூடாது, ஆனால் வேறு வழியில்லை. அந்த வீட்டில் கிணறு இருந்தது, கயிறும் வாளியும் இல்லை. பக்கத்து வீட்டுப் பாட்டி வாளி கொடுத்தார், வாய் திறந்து ஒரு வார்த்தை பேசவில்லை. மாம்பழமும் அவர்தான் கொடுத்தார் என்கிறார். பதிலுக்கு ரேஷன் சர்க்கரை கொஞ்சம் கொடுத்ததாகவும் சொன்னார். வடலி அக்கா, இதை உங்களுக்குச் சமாதானமாகச் சொல்லவில்லை. அந்த வீட்டு மாமரம் படத்தில் ஒரு ஓரமாக இருக்கிறது, அதில் பழமும் தொங்குகிறது. நானும் பார்த்தேன், அப்பாவும் பார்த்தார். பழம் உருண்டைதான்.

பானெட் மேல் நாலு பேர், அப்பா கேமரா பிடித்திருக்கிறார். மூன்று பெயர் உடனே வந்தது. நாலாவது பெயர் மறுநாள் காலை டீ குடிக்கும்போது வந்தது. அவர்தான் திரும்பாதவர். கேமராவுக்குச் சொந்தக்காரரும் அவர்தானாம். யாஷிகாவைப் பெட்டியோடு அவர் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள், ரோல் மட்டும் அப்பாவிடம் தங்கிவிட்டது.

18ஐப் பற்றி ஒரே ஒரு முறை கேட்டேன். "எடுத்திருக்கக் கூடாது" என்றார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். விட்டுவிட்டேன். இருட்டறை அண்ணா, வெட்டு நேராகத்தான் போயிருக்கிறது.

சென்னைக்காரரிடம் நாலு படம் மட்டும் தருகிறேன் என்று சொல்லிவிட்டேன்: லாரி, நாய்க்குட்டி, பனை, தண்ணீர் இறைத்த அந்தக் கிணறு. கீழே அப்பா சொன்ன ரேடியேட்டர் கதை, அவர் வார்த்தையிலேயே. சென்னைக்காரருக்கு மாம்பழப் படம்தான் வேண்டுமாம், "அதுதான் சார் பேசும்" என்கிறார். அது வீட்டிலேயே இருக்கும். ஃபிரேமும் போடவில்லை.

கிணறு இருக்கிற 16ஆம் நெகட்டிவை நல்லபடியாக ஸ்கேன் செய்து வடலி அக்காவுக்குத் தனியாக அனுப்பியிருக்கிறேன். பிரிண்டில் பழுப்பாகத் தெரிந்த கேட் இதில் நீலமாக இருக்கிறது. அப்பாவைக் கேட்டபோது அவரும் யோசிக்காமல் நீலம் என்றார்.

வடலி எழுதியது:

தங்கச்சி, படம் கிடைத்தது. அண்ணாவுக்கும் அனுப்பி இரண்டு பேரும் போனில் வைத்துக்கொண்டு பார்த்தோம். எங்கள் படலையும் நீலம்தான். கிணற்றுக் கட்டும் அதே மாதிரி, அரை வட்டத்துக்குச் சீமெந்து பூசி, உடுப்புத் தோய்க்கிற கல்லோடு. ஒரு பத்து நிமிடம் எங்கள் வீடுதான் என்று இருந்தோம்.

பிறகு அண்ணா மண்ணைக் காட்டினார். நெகட்டிவிலும் செம்மண்தான். கடற்கரை இல்லை, உள்ளுக்கு. தெல்லிப்பழைப் பக்கமாக இருக்கலாம் என்கிறார். அந்தப் பக்கத்து ஆட்கள் இங்கே ஸ்காபரோவில் நிறையப் பேர். நீங்கள் ஓம் என்றால், முகங்கள் இல்லாத இந்தப் படத்தை மட்டும் அவர்களிடம் காட்டிக் கேட்கிறேன்.